டொகியூமென்டரிக்கு கமரா பிடிக்க வாறீங்களா, முதல்ல நிக்கப் பழகுங்கோ

கலியாண வீடியோ எடுத்த ஆக்களுக்கு ஒரு விஷயம் நல்லாத் தெரியும். தாலி கட்டுற நேரம் எண்டுறது பத்துப் பதினைஞ்சு செக்கன்தான், கெட்டிமேளம் தொடங்கின உடனே முன் வரிசையில இருக்கிற எல்லாரும் ஒரேயடியா எழும்பி அட்சதையோட முன்னுக்கு வருவினம், ஒரு மாமா ஃபோனைத் தூக்கிக்கொண்டு சரியா உங்கட லென்ஸுக்கு முன்னால வந்து நிப்பார், அந்த நேரம் நீங்க எங்க நிக்கிறீங்களோ அதுதான் உங்களுக்குக் கிடைக்கிற ஷொட். இன்னொருக்காக் கட்டுங்கோ எண்டு மாப்பிள்ளையிட்டக் கேக்கவா ஏலும்.

நான் வெள்ளவத்தை, பம்பலப்பிட்டிப் பக்கத்து ஹோல்களில மூண்டு வருஷம் லைட் பிடிச்சு, வயர் சுத்தி, பற்றரி சார்ஜ் போட்டுத்தான் இந்தத் தொழிலுக்கு வந்தன். இப்ப என்னட்டக் கேக்கிற பெடியள், பிள்ளையள் எல்லாரும் முதல்ல கேக்கிறது "அண்ணா என்ன கமரா வாங்க". ஒண்டும் வாங்காதீங்கோ. 2022ல ரூபா விழுந்த பிறகு கமரா பொடி ஒண்டு, லென்ஸ் ஒண்டு வாங்கிற காசுக்கு ஒரு ஓட்டோவுக்கு முற்பணம் கட்டலாம், ஓட்டோ எண்டாலும் அடுத்த நாளே உழைக்கும். கொழும்பில வாடகைக்கு எல்லாமே கிடைக்குது. வேலை வந்தா எடுங்கோ, வராத மாசம் உங்கட ஃபோன் காணும்.

ஃபோனை வச்சு என்ன செய்யிறது எண்டா இதுதான். வீட்டுக்குக் கிட்ட இருக்கிற ஒரு கொத்துக் கடையைப் பிடியுங்கோ. முதல் நாள் ஃபோனை வெளியில எடுக்கவே வேண்டாம், ஒரு பிளேன்டியை வாங்கிக்கொண்டு கொத்துப் போடுற அண்ணா எப்ப முட்டை உடைக்கிறார், எப்ப வேர்வை துடைக்கிறார், ஓடர் எடுக்கிற பெடியனை எந்தப் பக்கம் திரும்பிப் பாக்கிறார் எண்டு சும்மா பாருங்கோ. ரெண்டாம் நாள் கேளுங்கோ, அண்ணா நான் படம் எடுக்கப் பழகிறன், உங்களை எடுக்கட்டா எண்டு. அதுக்குப் பிறகு பத்து நாள், ஒவ்வொரு நாளும் அஞ்சே அஞ்சு ஷொட்: கை, முகம், கையும் முகமும் சேர்ந்து, அவற்ற தோளுக்குப் பின்னால இருந்து அவர் பாக்கிறது, ரோட்டுக்கு அந்தப் பக்கம் நிண்டு முழுக் கடையும். ஒவ்வொண்டையும் ஆட்டாமல், ஸூம் பண்ணாமல், மனசுக்குள்ள பத்து எண்ணிற வரைக்கும் வச்சிருங்கோ. பத்து எண்ணிறது எவ்வளவு நேரம் எண்டு முதல் நாள்தான் விளங்கும், கை தானா அடுத்ததுக்குப் போகப் பாக்கும். நாலாம் அஞ்சாம் நாளில அவர் உங்களை மறந்திடுவார். நீங்களும் கொத்துத் தகட்டில தட்டுற சத்தத்தைக் கேட்டே அவர் எப்ப நிப்பாட்டுவார் எண்டு சொல்லத் தொடங்குவீங்க, அப்ப அவர் நிமிர்ற நேரம் உங்கட ஃபோன் ஏற்கனவே முகத்தில இருக்கும். இந்தத் தொழிலில காது கண்ணை விட ஒரு செக்கன் முன்னுக்குப் போகும், அது பழகினாத்தான் வரும்.

லென்ஸ் கதைக்கு வாறன். புதுசா வாறவைக்கு தூரத்தில நிண்டு ஸூம் பண்ணி எடுக்கத்தான் பிடிக்கும், ஏனெண்டா கிட்டப் போக வெக்கம். அப்பிடி எடுத்தது சிசிடிவி மாதிரித்தான் இருக்கும், பாக்கிறவைக்கும் அந்த ஆளை ஒளிச்சிருந்து பாக்கிற மாதிரி ஒரு உணர்வு. ஃபுல் ஃபிரேம், அதாவது பெரிய சென்சர் உள்ள கமரா எண்டா ஒரு 35 மில்லிமீட்டர் லென்ஸைப் போட்டுக்கொண்டு ரெண்டு கை நீளத்துக்குள்ள போய் நில்லுங்கோ, அந்த இடத்தில நிக்க உங்களை அவர் விட்டாரெண்டா உங்களுக்கும் அவருக்கும் இடையில ஏதோ ஒண்டு சரியாகிட்டுது, விடேல்ல எண்டா இன்னும் ரெண்டு நாள் தேத்தண்ணி குடிக்க வேணும். 24-70 மில்லிமீட்டர் ஸூம் லென்ஸ் ஒண்டு இருந்தா முக்கால்வாசி வேலை முடியும், ஆனா ஸூம் வளையத்தைத் திருப்ப முதல் காலை எடுத்து வைக்கலாமா எண்டு பாருங்கோ. கும்பிட்டுக்கொண்டு நிக்கிற அம்மாவுக்கு முன்னால போய் நிக்கிற ஆக்களும் இருக்கினம், அதை நான் சொல்லேல்ல. பக்கவாட்டில, அவவின்ட கண் உயரத்துக்குக் குனிஞ்சு.

செட்டிங் விஷயம் சுருக்கமாச் சொல்றன், யூடியூப்பில ஆயிரம் கிடக்கு, ஆனா அதில முக்கால்வாசி அமெரிக்காக்காரன் சொல்றது, அங்க கரண்ட் 60 ஹேர்ட்ஸ், இங்க 50. எங்கட டியூப் லைட்டும் மலிவு எல்ஈடியும் செக்கனுக்கு 100 தரம் மின்னும், அதால செக்கனுக்கு 25 ஃபிரேம், ஷட்டர் ஒரு செக்கன்ட ஐம்பதில ஒண்டு, ஸ்லோ மோஷன் எண்டா 50 ஃபிரேம், நூறில ஒண்டு. அவை சொல்ற மாதிரி 60 ஃபிரேம், நூற்றிருபத்தஞ்சில ஒண்டு எண்டு வச்சீங்களோ, கடைக்குள்ள எடுத்ததெல்லாம் திரையில கோடு கோடா ஓடும், எடிட்டில அதைத் திருத்திறது பெரிய தலையிடி.

வெயிலில வேற பிரச்சினை. மத்தியான வெயில், ஐஎஸ்ஓ (கமரா வெளிச்சத்தை வாங்கிற அளவு) 800, ஷட்டர் ஐம்பதில ஒண்டு, லென்ஸ் திறப்பு எஃப் 4ல எடுக்க வேணும் எண்டா எட்டு ஸ்டொப் வெளிச்சத்தை வெட்ட வேணும் (ஒரு ஸ்டொப் எண்டா வெளிச்சம் பாதியாகிறது), அதுக்குத்தான் லென்ஸுக்கு முன்னால போடுற கறுப்புக் கண்ணாடி, என்டி ஃபில்டர். கடையில கூடுதலா விக்கிற 2ல இருந்து 5 ஸ்டொப் வேரியபிள் என்டியை (திருகித் திருகிக் கூட்டிக் குறைக்கிறது) போட்டா லென்ஸ் திறப்பைச் சின்னதாக்கி எஃப் 11க்குப் போக வேண்டி வரும், அது ஒண்டும் பாவமில்ல, பின்னணி தெளிவாத் தெரிஞ்சா என்ன, புறக்கோட்டையில எடுக்கேக்க புறக்கோட்டை தெரியட்டுமன். ஆனா அந்த ஃபில்டரைக் கடைசி வரைக்கும் திருகினா படத்தில பெருக்கல் குறி மாதிரி ஒரு கறுப்பு விழும், சின்ன ஸ்க்ரீனில தெரியாது, வீட்ட வந்துதான் தெரியும்.

கொழும்பு வெளிச்சத்தைப் பற்றி ஒருத்தரும் எழுதி நான் காணேல்ல, நான் பட்டுப் பழகினதைச் சொல்றன். ஏப்ரல் முதல் கிழமைகளிலயும் திருப்பி செப்டம்பர் தொடக்கத்திலயும் மத்தியானச் சூரியன் சரியா உச்சந்தலையில நிக்கும், ஆக்களின்ட கண் ரெண்டும் குழியாத் தெரியும். அந்த நேரம் ஆளை ரோட்டில வச்சு எடுக்காதீங்கோ, கடைத் தகரத்துக்குக் கீழ ரெண்டடி உள்ளுக்குக் கூப்பிடுங்கோ, ரோட்டில பட்ட வெயில் கீழ இருந்து முகத்துக்குத் திரும்பி வரும், காசில்லாத ரிஃப்ளெக்டர். பின்னேரம் எண்டா வெள்ளவத்தை ஒழுங்கைகளுக்கு வாங்கோ. காலி வீதியில இருந்து கடலுக்கு இறங்கிற ஒழுங்கை எல்லாம் மேற்குப் பாத்துத்தான் கிடக்கு, அஞ்சரை மணி போல வெளிச்சம் கடலில இருந்து நேரா ஒழுங்கைக்குள்ள வந்து மதில், சைக்கிள், மரக்கறி தூக்கிக்கொண்டு வாற அம்மா எல்லாத்திலயும் விழும். வருஷம் முழுக்க சூரியன் 5:50க்கும் 6:30க்கும் இடையிலதான் விழுது, விழுந்த பிறகு இருட்டு கெதியா வந்திடும், வெளிநாட்டு வீடியோக்களில காட்டுற மாதிரி ஒரு மணித்தியாலம் நீல வெளிச்சம் எல்லாம் எங்களுக்கு இல்ல, இருபது நிமிஷம் கிடைச்சாப் பெரிய காரியம். ஒக்டோபர், நவம்பர் பின்னேரங்களில இடிமழை எண்டு வச்சுக்கொண்டே பிளான் போடுங்கோ, வெளி வேலையைக் காலமையே முடியுங்கோ.

ஈரம் அடுத்த எதிரி. பேலியகொட மீன் சந்தையில ஒரு விடியற்காலை வேலை, ஏசி வானில வந்து இறங்கி, ஏலம் உச்சத்தில நடக்குது, நான் கமராவை எடுத்தா லென்ஸ் முழுக்கப் புகை. துடைச்சன், திருப்பிப் புகை. கால் மணித்தியாலம் போச்சு, ஏலமும் போச்சு, டிரெக்டர் அக்கா ஒண்டும் கதைக்கேல்ல, அதுதான் கூட நொந்தது. குளிர்ந்த கண்ணாடியில ஈரக் காத்துப் பட்டா அப்பிடித்தான், ஃப்ரிட்ஜில இருந்து எடுத்த சோடாப் போத்தில் வேர்க்கிற மாதிரி. இறங்க அரை மணித்தியாலம் முதல் வானில ஏசியை நிப்பாட்டி ஜன்னலைத் திறவுங்கோ, பாக்கை மூடினபடியே விட்டு மெதுவாச் சூடாக விடுங்கோ. வீட்டில லென்ஸை அலுமாரிக்குள்ள துணி சுத்தி வச்சா ஃபங்கஸ் பிடிக்கும், காத்துப் போகாத பிளாஸ்டிக் பெட்டி, உள்ளுக்கு சிலிக்கா ஜெல், ஈரப்பதம் காட்டுற சின்ன மீட்டர், 40 வீதத்துக்கும் 50 வீதத்துக்கும் இடையில நிண்டாச் சரி.

சத்தம். டொகியூமென்டரியில படம் கொஞ்சம் ஆடினா சனம் மன்னிக்கும், கதைக்கிறது கேக்காட்டி மன்னிக்காது. சின்ன வேலைகளில சவுண்டுக்கெண்டு தனி ஆள் இருக்காது, நீங்கதான். ஹெட்ஃபோன் போடாமல் ஒரு செக்கனும் ரெக்கோட் பண்ணாதீங்கோ, மைக் சுவிட்ச் போட மறந்து அரை மணித்தியாலப் பேட்டி ஒண்டை நான் ஊமைப் படமா எடுத்த கதை இருக்கு, அதை இங்க விரிக்க மாட்டன். 48 கிலோஹேர்ட்ஸ், 24 பிட், கத்திக் கதைச்சாலும் சத்த மீட்டர் மைனஸ் 12 டெசிபல் கிட்ட நிக்கிற மாதிரி வையுங்கோ. கொழும்பில வீட்டுக்குள்ள பேட்டி எடுக்கேக்க உங்களுக்கு நாலு எதிரி: ஃபேன், ஃப்ரிட்ஜ், காகம், பாண் ஓட்டோ. ஃபேனை நிப்பாட்டினா ஆள் வேர்ப்பார், அதால பத்து நிமிஷத்துக்கு ஒருக்கா பேட்டியை நிறுத்தி ஃபேனைப் போட்டு விடுங்கோ, டிஷ்யூ கையில வச்சிருங்கோ. ஃப்ரிட்ஜை ஓஃப் பண்ணினா உங்கட பைக் திறப்பை அதுக்குள்ளயே வையுங்கோ, அப்பத்தான் திருப்பிப் போடாமல் வீட்ட போக மாட்டீங்க, ஆற்றயோ வீட்டு மீன் பழுதானாப் பிறகு அந்தத் தெருவுக்கே போகேலாது. காகத்துக்கு மருந்தில்ல. பாண் ஓட்டோதான் மோசம், பீத்தோவன்ட பாட்டைப் போட்டுக்கொண்டு ஒழுங்கைக்குள்ள வரும், ஒரு வசனத்துக்குப் பின்னால பாட்டு ஓடினா எடிட்டர் அந்த வசனத்தை எங்கயும் வெட்டேலாது. நிப்பாட்டுங்கோ, சிரியுங்கோ, பாண் வாங்குங்கோ, அது போன பிறகு அதே கேள்வியைத் திருப்பிக் கேளுங்கோ. வெள்ளவத்தை வீடெண்டா ரயிலுக்கும் இதே விதிதான். கடைசியா எல்லாரையும் கதைக்காமல் இருக்கச் சொல்லி அந்த அறையின்ட வெறும் சத்தத்தை ஒரு நிமிஷம் எடுங்கோ, எடிட்டர் உங்களைக் கும்பிடுவார்.

பேட்டி எடுக்கிற முறைக்கு ஒரு பெரிய ரகசியமும் இல்ல. ஜன்னலைப் பக்கத்தில வச்சு, கேள்வி கேக்கிறவரை ஜன்னலுக்கும் கமராவுக்கும் இடையில இருத்துங்கோ, அப்ப பேசிறவற்ற முகம் வெளிச்சப் பக்கம் திரும்பும், கமராப் பக்கத்துக் கன்னத்தில நிழல் விழும், முகத்துக்கு ஒரு ஆழம் வரும். சுவரில இருந்து ஆளைத் தள்ளி முன்னுக்குக் கொண்டு வாங்கோ. பதில் முடிஞ்ச உடனே கட் பண்ணாதீங்கோ, அஞ்சு எண்ணுங்கோ, எங்கட ஆக்கள் முக்கியமானதை "அவ்வளவுதான் தம்பி" எண்டு சொன்ன பிறகுதான் சொல்லுவினம். தமிழ் ஆளா இருக்கிறது இங்க ஒரு பலம், அதைக் குறைச்சு நினைக்காதீங்கோ. டிரெக்டர் சிங்களவரோ வெள்ளைக்காரரோ, பேட்டி குடுக்கிற அம்மா சொன்னதை ட்ரான்ஸ்லேட்டர் முடிச்சுச் சொல்லுற வரைக்கும் அவைக்கு ஒண்டும் விளங்காது, உங்களுக்கு அந்த வசனம் தொடங்கேக்கயே விளங்கும், குரல் உடையப் போகுது எண்டு தெரிஞ்ச நேரத்தில மெதுவா அவவின்ட கைக்குப் போகலாம். அதே மாதிரி சிங்களமும் காதில விழுந்தா விளங்கிற அளவுக்குப் படியுங்கோ, மூண்டு பாஷையில காது உள்ள கமராக்காரருக்கு கொழும்பில வேலை குறையாது.

திருவிழா, ஊர்வலம் எடுக்கப் போகேக்கதான் எல்லாரும் பிழை விடுறது. ஆடிவேல் எண்டு வையுங்கோ, தேர் செட்டியார் தெருக் கோயிலில இருந்து பம்பலப்பிட்டிக்கு வருது, கமராக்காரர் எல்லாம் தேருக்குப் பின்னால ஓடுவினம், எடுத்துக்கொண்டு வாறது முழுக்க முதுகும் பின்மண்டையும். ஓடாதீங்கோ. வழியை முதல் நாளே நடந்து பாத்து மூண்டு இடத்தைத் தேர்ந்தெடுங்கோ, ஒரு திருப்பம், ஒரு உயரம், ஒரு வீட்டு வாசல். தேருக்கு முன்னாலயே போய் அங்க நிண்டு, தேரை விட்டிட்டு, அதைப் பாத்துக்கொண்டு வாசலில நிறைகுடம் வச்சுக் காத்திருக்கிற குடும்பத்தை எடுங்கோ, தேர் அவையின்ட முகத்தில வரும். கோயிலுக்குள்ள மூலஸ்தானத்தை எடுக்க விடமாட்டினம், கேக்கவும் வேண்டாம். ஐயரிட்டயும் நிர்வாகத்திட்டயும் எந்தக் கோடு வரைக்கும் வரலாம் எண்டு முதலே கேட்டு வையுங்கோ, மத்தியானக் கல்லில வெறுங்காலோட நிக்க வேணும் எண்டதையும் மறக்காதீங்கோ, சாக்கு விரிச்ச இடத்தைப் பிடியுங்கோ.

பயமான விஷயங்கள் எடுக்கேக்க நிக்கிற இடம் எண்டுறதுக்கு வேற அர்த்தம். 2022ல காலி முகத்திடல் போராட்டத்தை எத்தினையோ பேர் எடுத்தம், பிறகு வீடியோவில தெரிஞ்ச முகங்களை வச்சு பொலிஸ் ஆக்களைத் தேடினது உங்களுக்கும் தெரியும். காணாமல் போன பிள்ளையைத் தேடுற அம்மாவை எடுத்தாலும் சரி, தேயிலைத் தோட்ட லயத்தில சம்பளப் பிரச்சினை கதைக்கிற அக்காவை எடுத்தாலும் சரி, முகம் காட்டலாமா எண்டு கமரா ஓட முதலும் கேளுங்கோ, முடிஞ்ச பிறகும் கேளுங்கோ, ஏனெண்டா கதைச்சு முடிச்ச பிறகுதான் தான் என்னத்தைச் சொன்னன் எண்டு அவவுக்கே தெரியும். முகத்தை மறைச்சாக் காணும் எண்டு நினைக்காதீங்கோ. பின்வெளிச்சத்தில கறுப்பா எடுத்தாலும் குரல், காப்பு, சுவரில தொங்கிற கலண்டர், பிள்ளையின்ட ஸ்கூல் டை, வாசலில நிக்கிற ஓட்டோ நம்பர், இதில ஒண்டு காணும் ஊரார் கண்டுபிடிக்க. ஃபிரேமில என்ன இருக்கு எண்டு மூலைக்கு மூலை பாக்கிறது உங்கட வேலை, டிரெக்டர் கதையில மூழ்கி இருப்பார்.

பெர்மிஷன் விஷயத்தில சோம்பல் படாதீங்கோ. ஸ்டேஷனுக்குள்ள, ரயிலுக்குள்ள எடுக்க ரயில்வே திணைக்களத்திட்ட, பழைய சின்னங்களுக்கு தொல்பொருள் திணைக்களத்திட்ட, ட்ரோனுக்கு சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையிட்ட. துறைமுகப் பக்கமோ ஆமிக் காம்ப் பக்கமோ லென்ஸைத் திருப்பவே வேண்டாம். கடிதத்தை மூண்டு பாஷையிலயும் பிரிண்ட் எடுத்து பாக்கில வச்சிருங்கோ, தமிழ்ப் பேர் உள்ள ஐடென்டி கார்டோட கமரா தூக்கிற ஆளுக்கு அந்தக் கடிதத்தின்ட பெறுமதி வேற ஆக்களுக்கு இருக்கிறதை விடக் கூட, இதை விளக்கத் தேவையில்ல.

எடுத்ததைக் காப்பாத்திறது. செக்கனுக்கு 100 மெகாபிட்டில 4கே எடுத்தா மணித்தியாலத்துக்கு 45 ஜிபி, 128 ஜிபி கார்ட் ஒண்டு ரெண்டே முக்கால் மணித்தியாலத்தில நிரம்பும். அண்டைக்கு இரவே ரெண்டு ஹாட் டிஸ்க்கில கொப்பி, ரெண்டும் ஒரே பாக்கில போகக்கூடாது, மூண்டாவது ஒரு கொப்பி வேற வீட்டில. அதுக்குப் பிறகுதான் கார்டை அழிக்கிறது, நித்திரை வந்தாலும். 2022ல பதிமூண்டு மணித்தியாலக் கரண்ட் கட் வந்த நேரம் பற்றரி சார்ஜ் போட ஒவ்வொரு கூட்டாளி வீடா அலைஞ்சம், அதில இருந்து ஒரு பவர் ஸ்டேஷன், அதாவது கையில தூக்கிற பெரிய பற்றரிப் பெட்டி, இல்லாமல் நான் வெளி மாவட்டத்துக்குப் போறதில்ல.

இனி உழைப்பு. கலியாணம், சாமத்திய வீடு எடுக்கிறதைக் கேவலமாப் பாக்காதீங்கோ, திரும்ப நடக்காத ஒண்டை வெளிச்சம் சரியில்லாத ஹோலில எடுக்கப் பழக்கிற பள்ளிக்கூடம் அது, சம்பளமும் தரும். முறையாப் படிக்க வேணும் எண்டா கொழும்பு 7ல இலங்கைத் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவகம் இருக்கு. அதோட ஒரு மூத்த கமராக்காரருக்கு அசிஸ்டனா ஒரு வருஷம் போங்கோ, ஃபோகஸ், கார்ட், பற்றரி இந்த மூண்டிலயும் அவர் உங்களை மறக்கிற அளவுக்கு இருந்தா அடுத்த வேலைக்கும் கூப்பிடுவார். எங்கட நாட்டில இது புது வழியுமில்ல, 1948ல தொடங்கின அரசாங்கத் திரைப்படப் பிரிவில டொகியூமென்டரி எடுத்துப் பழகின கமராக்காரர் வில்லியம் பிளேக்தான் அங்க இருந்து வெளிய வந்து டிரெக்டர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸோட 1956ல ரேகாவ எண்ட சிங்களப் படத்தை ஸ்டூடியோவை விட்டு வெளி வெளிச்சத்தில எடுத்தவர்.

வேலை கேட்டு அனுப்புற ஷோ ரீல் எண்டு ட்ரோன் ஷொட்டும் ஸ்லோ மோஷனும் போட்டு ரெண்டு நிமிஷம் பாட்டோட அனுப்பாதீங்கோ, எல்லாரிட்டயும் அது இருக்கு. அந்தக் கொத்துக் கடையையே ஆறு நிமிஷப் படமா முடிச்சு அனுப்புங்கோ, ஒரு ஆளோட உங்களால இருக்க ஏலும் எண்டு அதில தெரியும். ஆரம்பத்தில வாறதெல்லாம் என்ஜிஓ வேலைதான், கிணறு கட்டினது, தையல் மெஷின் குடுத்தது. எடுங்கோ. ஆனா எழுத்தில வாங்குங்கோ: எத்தினை நாள், ஒரு நாள் எண்டா எத்தினை மணித்தியாலம், போக்குவரத்து ஆர், ஹாட் டிஸ்க் ஆர் வாங்கிறது, எடிட் பண்ணாத ரஷஸ் ஆருக்கு, பாதிக் காசு வேலைக்கு முதல். நான் ஒரு இடத்துக்கு வாய்ப்பேச்சில கிளிநொச்சியில நாலு நாள் செய்து போட்டு, காசு வர அஞ்சு மாசம், அதுவும் வேற பேரில அந்த ரஷஸை வேற வீடியோவுக்குப் பாவிச்ச பிறகு. சண்டை பிடிக்க என்னட்ட ஒரு பேப்பரும் இருக்கேல்ல.

இன்னொண்டு, இது ஒருத்தரும் செய்யிறதில்ல. வேலை முடிஞ்ச பிறகு எடிட்டரைக் கெஞ்சியாவது அவருக்குப் பக்கத்தில ரெண்டு நாள் கதிரை போட்டு இருங்கோ, வாயைத் திறக்காமல். என்ட முதல் பெரிய வேலையில முகத்துவாரத்து மீன்காரர் ஒருத்தர் வலை தைச்சு முடிச்சிட்டுக் கடலைப் பாக்கிற ஷொட், அழகு எண்டு நானே நினைச்சு வச்சிருந்தன். எடிட்டர் அண்ணா அதைப் போட்டார், நிப்பாட்டினார், பின்னுக்குக் கொண்டு போய்த் திருப்பிப் போட்டார், அந்த ஆள் ஏதோ சொல்ல வாயைத் திறக்கிற இடத்தில ஷொட் முடியுது. அவர் என்ட பக்கம் திரும்பவுமில்ல, ஸ்க்ரீனைப் பாத்தபடியே கேட்டார், "ஏன் தம்பி, அங்கால எங்கயும் போக இருந்ததோ?"